ஃபோகஸ் புல்லரா, அண்ணன் வேடமா?

கேள்வி: மதிப்பிற்குரிய ஐயா, நான் குமாரபாளையத்தைச் சேர்ந்தவன். வயது 27. அப்பா விசைத்தறி ஓட்டுகிறார். விஸ்காம் படித்துவிட்டு, மூன்று ஆண்டுகளாகச் சென்னையில் ஓர் ஒளிப்பதிவாளரிடம் உதவியாளராக இருக்கிறேன். நண்பர்களின் குறும்படங்கள் நான்கில் நடித்திருக்கிறேன். அவற்றில் ஒன்றைப் பார்த்த புதிய இயக்குநர் ஒருவர், தம் முதல் படத்தில் நாயகனின் அண்ணனாக நடிக்க அழைத்து, 18 நாள் கால்ஷீட் கேட்கிறார். இதே சமயத்தில் எங்கள் சார், அடுத்த படத்தில் என்னை, நடிகர் நகர நகர லென்ஸின் தெளிவைச் சரிசெய்யும் ஃபோகஸ் புல்லராக்குவதாகச் சொல்லியிருக்கிறார். தேனியில் 40 நாள் முதல் ஷெட்யூல். இரண்டும் ஏறக்குறைய ஒரே மாதத்தில் வருகின்றன. என் நடிப்பு ஆசையைச் சாரிடம் இதுவரை சொன்னதில்லை. ‘ஆற்றில் ஒரு கால், சேற்றில் ஒரு கால்’ என்று நண்பர்கள் எச்சரிக்கிறார்கள். கேமராவையும் நடிப்பையும் ஒருவரே தொழிலாகக் கொள்ள முடியுமா? முடியுமென்றால், இப்போது எதை ஏற்பது?

பதில்:

அன்புத் தம்பிக்கு,

உங்கள் இரண்டாவது கேள்விக்குத்தான் அவசரம் என்பதால் அதற்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். தேதிகள் மோதினால் தேனிக்குப் போங்கள். மோதாமல் நகர்த்த முடிந்தால் இரண்டையும் செய்யுங்கள். நகர்த்த முடியுமா, முடியாதா என்பதை உங்களுக்குள்ளேயே கணக்குப் போட்டு முடிவு கட்டிவிடாமல், இரண்டு இடத்திலும் வாய்விட்டுக் கேளுங்கள். ஏன் இப்படிச் சொல்கிறேன் என்பதைச் சற்று விரிவாகவே எழுத வேண்டியிருக்கிறது.

நான் 22 ஆண்டுகளாக ஒளிப்பதிவு செய்து வருகிறேன். கடந்த ஒன்பது ஆண்டுகளில் ஏழு படங்களில் சிறு வேடங்களில் நடித்தும் இருக்கிறேன். எனவே ‘முடியுமா’ என்ற உங்கள் முதல் கேள்விக்கு என் அனுபவத்தை வைத்தே ‘முடியும்’ என்று சொல்லலாம். ஆனால் என்னைவிடப் பெரிய சான்றுகள் நம் கண்முன் இருக்கின்றன. 1996-இல் வெளிவந்த ‘பாஞ்சாலங்குறிச்சி’ படத்தின் ஒளிப்பதிவாளர் இளவரசு. இன்றைய ரசிகர்களில் பலருக்கு அவர் கேமராமேன் என்பதே தெரியாது. ‘இம்சை அரசன்’ படத்தின் மங்குனி அமைச்சராகத்தான் அவரைத் தெரியும். எழுபது வயதைக் கடந்த பிறகு பாலு மகேந்திரா ‘தலைமுறைகள்’ (2013) படத்தைத் தாமே இயக்கி, ஒளிப்பதிவு செய்து, அதில் தாத்தாவாகவும் நடித்தார். சந்தோஷ் சிவன் ‘மகரமஞ்சு’ என்ற மலையாளப் படத்தில் ஓவியர் ரவிவர்மாவாக நடித்தார். ராஜீவ் மேனனை ‘விடுதலை’ முதல் பாகத்தில் தலைமைச் செயலாளராகப் பார்த்திருப்பீர்கள்.

இவர்கள் எல்லாரையும்விட உங்கள் நிலைக்கு மிக நெருக்கமாக நான் கருதுவது நட்டி என்று அழைக்கப்படும் நட்ராஜின் பயணத்தைத்தான். அவர் நாயகனாக நடித்த ‘நாளை’ 2006-இல் வெளிவந்தது. நடிகராக அவரைத் தமிழ்நாடு முழுவதும் பேசவைத்த ‘சதுரங்க வேட்டை’ வந்தது 2014-இல். நடுவில் கிடந்தவை எட்டு ஆண்டுகள். நடிப்பை மட்டுமே நம்பி வடபழனியில் அறை எடுத்துத் தங்கியிருக்கும் ஒருவருக்கு எட்டு ஆண்டுகள் என்பது என்ன என்று உங்களுக்கே தெரியும். ஊருக்குத் திரும்பிப் போன எத்தனையோ பேரை நீங்களும் நானும் பார்த்திருக்கிறோம். அந்த எட்டு ஆண்டுகளுக்குள்தான் அவர் ஒளிப்பதிவு செய்த ‘ஜப் வி மெட்’, ‘லவ் ஆஜ் கல்’ போன்ற இந்திப் படங்கள் வந்தன. நடிகராகப் பெயர் வாங்கிய மறு ஆண்டே ‘புலி’ படத்துக்கு ஒளிப்பதிவு செய்தார். அதன் பிறகும் ‘கர்ணன்’, ‘மகாராஜா’ என்று நடிப்பு தொடர்ந்தது. நடிகரின் வாழ்க்கையில் பெரும்பகுதி காத்திருப்பு. அந்தக் காத்திருப்பு ஒருவரைக் கசக்கிப் போடாமல் இருக்க வேண்டுமென்றால், காத்திருக்கும் காலத்தில் கைக்கு வேலையும் மனத்துக்கு மரியாதையும் தரும் இன்னொரு தொழில் வேண்டும். அத்தகைய தொழில் உங்கள் கையில் பாதி வந்துவிட்டது. மீதிப் பாதியைத் தேனியில் தரப் போகிறார்கள். அதை விட்டுவிட்டு வராதீர்கள் என்று நான் சொல்வதற்கு இதுவே முதல் காரணம்.

இந்த இரண்டு தொழில்களுக்கும் கலையில் மோதல் கிடையாது. மோதல் முழுவதும் நாள்காட்டியில்தான் இருக்கிறது. நடிகரிடம் கேட்கப்படுவது குறிப்பிட்ட சில நாள்கள். அண்ணன் வேடத்துக்கு 18 நாள், ஒரு காவல் அதிகாரி வேடத்துக்கு ஆறு நாள் என்று அது பிரிந்து கிடக்கும். கேமரா டிபார்ட்மென்ட் அப்படி இல்லை. லொகேஷன் பார்க்கப் போகும் நாளிலிருந்து பூசணிக்காய் உடைக்கும் நாள் வரை அதே ஆள்கள் வேண்டும். காலையில் யூனிட் வண்டியிலிருந்து பெட்டி இறங்குவதற்கு முன் நீங்கள் அங்கே இருக்க வேண்டும். பேக்கப் சொன்ன பிறகும் லென்ஸ்களைத் துடைத்து எண்ணி வைக்கும்வரை இருக்க வேண்டும். ஃபோகஸ் புல்லர் ஷெட்யூலின் நடுவே ஐந்து நாள் காணாமல் போனால், ஆறாம் நாள் அந்த இடத்தில் வேறொருவர் நின்றுகொண்டிருப்பார். அதில் யாரையும் குறை சொல்ல முடியாது.

இரண்டாவது காரணம் எனக்கு இன்னும் முக்கியமானது. ஃபோகஸ் புல்லர் வேலையை உங்கள் நடிப்பு ஆசைக்குக் குறுக்கே வந்த தடையாக நீங்கள் பார்க்கிறீர்களோ என்று உங்கள் கடிதம் என்னை எண்ண வைத்தது. என் அனுபவத்தில், ஒரு நடிகரை அதைவிட நெருக்கமாகக் கவனிக்க வைக்கும் வேலை படப்பிடிப்புத் தளத்திலேயே கிடையாது. 85 எம்.எம். லென்ஸை டி2 அளவுக்கு, அதாவது அகலமாகத் திறந்து வைத்து, ஆறடித் தொலைவில் ஒரு முகத்தை எடுக்கும்போது தெளிவாகத் தெரியும் ஆழம் ஏறக்குறைய இரண்டு அங்குலம்தான். கண் தெளிவாக இருந்தால் காது மங்கிவிடும். நடிகர் ஒரு சொல்லை அழுத்திச் சொல்வதற்காகத் தலையை முன்னே கொண்டுவந்தால் உங்கள் விரலும் அவருடன் வந்தாக வேண்டும். அவர் நகர்ந்ததைப் பார்த்த பிறகு திருப்பினால் காலம் கடந்துவிடும். ஆகவே அவர் நகரப் போகிறார் என்பதை அவர் நகர்வதற்கு முன்பே உணர வேண்டியிருக்கிறது.

நான் ஃபோகஸ் இழுத்த நாள்களில், கோபமாகப் பேசப் போகும் ஒருவர் மூச்சை உள்ளே இழுக்கும்போது உடல் கொஞ்சம் பின்னே போவதைக் கவனித்திருக்கிறேன். அழப் போகிறவர்கள் அதற்குச் சற்று முன்பு தாடையை அசையாமல் பிடித்துக்கொள்வார்கள். பொய் சொல்லும் காட்சியில் நல்ல நடிகர்கள் கண்ணை எங்கும் திருப்புவதில்லை. ஆனால் கையில் இருக்கும் டம்ளரைக் கால் அங்குலம் நகர்த்துகிறார்கள். இவையெல்லாம் எந்தப் பயிற்சி வகுப்பிலும் எனக்குக் கிடைத்தவை அல்ல. ஒரே காட்சியை ஒன்பது டேக் எடுக்கும்போது ஒன்பது முறையும் அந்த முகத்தைவிட்டுக் கண்ணை எடுக்காமல் நின்றதால் கிடைத்தவை. எந்த டேக்கில் அது உண்மையாக இருந்தது, எந்த டேக்கில் திறமையாக மட்டும் இருந்தது என்ற வேறுபாடு, இயக்குநருக்கு அடுத்தபடியாக ஃபோகஸ் புல்லருக்குத்தான் தெரியும். அந்த 40 நாளை நீங்கள் இந்தக் கண்ணோடு கழித்தால், அடுத்த வேடத்துக்கு வேறொரு நடிகராகப் போவீர்கள்.

இங்கே ஓர் ஆபத்தையும் சொல்ல வேண்டும். கேமராவை அறிந்தவர் நடிக்க வரும்போது செய்யும் தவறு ஒன்று இருக்கிறது. அதை நானும் செய்தேன். என் முதல் வேடம் ஒரு டீக்கடைக்காரர். இரவுக் காட்சி. பழைய பாணியில் மஞ்சள் பல்பு ஒன்றை பாய்லருக்கு மேலே தொங்கவிட்டு, வெளியே தெருப்பக்கத்திலிருந்து ஒரு பெரிய விளக்கைத் துணி போட்டு மென்மையாக்கி வைத்திருந்தார்கள். எதிரே நின்ற நடிகை தம் மகன் காணாமல் போனதைச் சொல்லி அழுகிறார்; நான் டீ ஆற்றிக்கொண்டே கேட்க வேண்டும். ரிகர்சலிலேயே எனக்குத் தெரிந்துவிட்டது, பாய்லருக்கு அரை அடி இடப்பக்கம் நின்றால் என் கண்ணில் ஒளி விழும் என்று. எனவே ஒவ்வொரு டேக்கிலும் அந்த இடத்தில் போய்ச் சரியாக நின்றேன்; முகத்தைச் சற்று உயர்த்தி மூக்கின் நிழல் உதட்டின் மேல் விழாமல் பார்த்துக்கொண்டேன். மூன்றாவது டேக் முடிந்ததும் இயக்குநர் அருகில் வந்து, மற்றவர்களுக்குக் கேட்காத குரலில், “சார், அந்த அம்மா என்ன சொன்னாங்கன்னு எனக்கு ஒரு தடவை சொல்லுங்க” என்றார். எனக்குச் சொல்லத் தெரியவில்லை. வசனம் மனப்பாடமாக இருந்தது. அந்த அம்மாவின் குரல் காதில் விழவே இல்லை. அடுத்த டேக்கில் ஒளி எங்கே இருந்தால் என்ன என்று விட்டுவிட்டு அவரைப் பார்த்தேன், கேட்டேன். திரையில் அந்த ஷாட்டில் என் முகம் பாதி இருட்டில்தான் இருக்கிறது. படத்தில் இருப்பது அந்த டேக்தான்.

ஆகவே ஒளியைப் பற்றிய அறிவு நடிப்பதற்கு முன்புவரை உதவும். நடிக்கும்போது அதை மறக்கத் தெரிய வேண்டும். மூத்த நடிகர்கள் இதை எவ்வளவு எளிதாகச் செய்தார்கள் என்பதை நான் பார்த்திருக்கிறேன். ஒரு மூத்த நடிகை, நிற்க வேண்டிய இடத்தைக் காட்டத் தரையில் ஒட்டிய மார்க்கை ஒரு முறைகூடக் குனிந்து பார்க்க மாட்டார். ஒரு நாள் எப்படி என்று கேட்டேன். விளக்கின் சூடு கன்னத்தில் எந்த இடத்தில் படுகிறது என்பதை ரிகர்சலில் நினைவில் வைத்துக்கொள்வேன், டேக்கில் அந்தச் சூடு வந்ததும் நின்றுவிடுவேன் என்றார். இன்றைய எல்.இ.டி. விளக்குகளில் அந்தச் சூடு இல்லை. இன்றைய நடிகர்களுக்கு மார்க் பிடிப்பது முன்பைவிடக் கடினம் என்பதையும், கேமரா பக்கம் நிற்கும் நாம் அதை உணர்ந்து பொறுமை காட்ட வேண்டும் என்பதையும் அவர் பதிலிலிருந்துதான் புரிந்துகொண்டேன். விளக்கிலிருந்து நான்கடியில் நிற்க வேண்டியவர் எட்டடிக்கு நகர்ந்துவிட்டால், அவர் மேல் விழும் ஒளி பாதியாகக் குறைவதில்லை, நான்கில் ஒன்றாகக் குறைகிறது. ஒளிமீட்டர் கணக்கில் இரண்டு ஸ்டாப் (ஒரு ஸ்டாப் குறைந்தால் ஒளி பாதியாகும்). இது நமக்குத் தெரியும். அழுதுகொண்டே நடந்து வரும் ஒருவருக்கு இதைத் தெரிந்துகொள்ள வேண்டிய கடமை இல்லை.

நடித்த பிறகு என் ஒளிப்பதிவிலும் ஒரு பழக்கம் மாறியது. முன்பெல்லாம் ஷாட்டுக்கு முன் நடிகரை நிறுத்தி வைத்துவிட்டு, அவருக்கு இரண்டடி தள்ளி நின்றபடியே, “கண்ணுக்குக் கீழே கறுப்பு தெரியுது, தெர்மாகோலைக் கிட்ட கொண்டு வா” என்று லைட்மேனிடம் சத்தமாகச் சொல்லுவேன். டீக்கடைக்காரராக நின்றபோது என் முகத்தைப் பற்றி வேறொருவர் அப்படிப் பேசுவதைக் கேட்டேன். ஒரு பொருளைப் பற்றிப் பேசுவதுபோல் இருந்தது. அன்றிலிருந்து நடிகரின் முகத்தைப் பற்றி அவர் காதுபட நான் பேசுவதில்லை. கையால் சைகை காட்டுகிறேன், அல்லது லைட்மேனிடம் போய்ச் சொல்கிறேன். இது சிறிய விஷயம்தான். ஆனால் எனக்கு முன்னால் நடிக்க வருபவர்கள் இறுக்கமில்லாமல் இருக்கிறார்கள் என்றால் அதில் இதற்கும் பங்கு உண்டு என்று நம்புகிறேன்.

இனி, தேதிகளைப் பற்றி. நான் ஒரு முறை இதில் பெரிய தவறு செய்திருக்கிறேன். என் ஒளிப்பதிவில் ஒரு படம் நடந்துகொண்டிருந்தபோது, இரண்டு ஷெட்யூல்களுக்கு நடுவில் 12 நாள் இடைவெளி இருந்தது. அந்த 12 நாளையும் வேறொரு படத்தில் நடிக்கக் கொடுத்தேன். மழையால் அங்கே நான்கு நாள் தள்ளிப் போயிற்று. தாடி வளர்த்த வேடம். மூன்று காட்சிகள் பாக்கி. தாடியோடு நான் அங்கேயே இருந்தாக வேண்டும். என் சொந்தப் படத்துக்கு என் மூத்த உதவியாளரான அசோசியேட்டை அனுப்பினேன். அவர் திறமைசாலி. ஆனாலும் நான் அந்தி வெளிச்சத்தில் தொடங்கி வைத்திருந்த காட்சியின் தொடர்ச்சியை அவர் வேறு விதமாகப் புரிந்துகொண்டார். பிறகு கணினியில் நிறத்தையும் ஒளியையும் சரிசெய்யும் டி.ஐ.யில் எவ்வளவோ முயன்றும் இரண்டும் ஒட்டவில்லை. அந்த இயக்குநர் என்னிடம் ஒரு வார்த்தை கடுமையாகப் பேசவில்லை. ஆனால் அடுத்த படத்துக்கு அழைக்கவும் இல்லை. அவர் செய்தது நியாயம். அதன் பிறகு, நான் ஒளிப்பதிவு செய்யும் படம் முடியும்வரை வேறு படத்துக்கு நடிக்கத் தேதி கொடுப்பதில்லை என்று முடிவெடுத்து, இன்றுவரை அப்படியே இருக்கிறேன். நீங்களும் தொடக்கத்திலிருந்தே இதைப் பழகிக்கொள்ளுங்கள். நடிக்கக் கேட்பவரிடம் நாள் எண்ணிக்கையை மட்டும் கேட்காதீர்கள். தாடி, மீசை, முடி எப்படி, அந்தத் தோற்றத்தை எவ்வளவு காலம் வைத்திருக்க வேண்டும், விடுபட்ட ஷாட்களைப் பின்னால் எடுக்கும் பேட்ச் ஒர்க் வந்தால் என்ன செய்வது, டப்பிங் எப்போது என்பதையும் கேளுங்கள். 18 நாள் என்பது தொடர்ந்து வரும் 18 நாளா, மூன்று மாதத்தில் சிதறிக் கிடக்கும் 18 நாளா என்பதில்தான் உங்கள் பிரச்சினையின் முடிச்சு இருக்கிறது.

உங்கள் சாரிடம் இதுவரை சொல்லவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். இந்தக் கடிதத்தில் என்னைக் கவலைப்பட வைத்தது இது ஒன்றுதான். கோடம்பாக்கத்தில் எதுவும் ஒரு வாரத்துக்கு மேல் ரகசியமாக இருக்காது. உங்கள் ஆசையை அவர் ஒரு லைட்மேன் வாயிலாகவோ மேனேஜர் வாயிலாகவோ கேள்விப்பட்டால், ஆசையைவிட நீங்கள் மறைத்ததுதான் அவருக்கு வலிக்கும். உதவியாளர் ஒருவர் நடிக்கப் போவதை ஒளிப்பதிவாளர் பொதுவாகத் துரோகமாக நினைப்பதில்லை. என் உதவியாளர்கள் இருவர் நடிக்கிறார்கள், அவர்கள் நடித்த காட்சிகளை நான் மகிழ்ச்சியோடு பார்க்கிறேன். ஆனால் நாளை காலை ஃபோகஸ் இழுக்க ஆள் இருக்கிறாரா என்ற சந்தேகம் அவருக்கு வரக்கூடாது. எனவே முதலில் “தேனி ஷெட்யூல் முழுவதும் உங்களோடுதான் இருக்கிறேன் சார்” என்று சொல்லிவிட்டு, அதன் பிறகு இந்த வேடத்தைப் பற்றிச் சொல்லுங்கள். அந்த வரிசை முக்கியம். முடிந்தால் நீங்கள் நடித்த குறும்படத்தையும் காட்டுங்கள். உங்கள் முகத்தை எந்தக் கோணத்தில் எடுக்க வேண்டும் என்று அவரே சொல்லித்தரக்கூடும்.

அந்தப் புதிய இயக்குநரிடமும் இதே நேர்மையோடு பேசுங்கள். முதல் படம் செய்கிறவருக்குத் தேதிகள் பெரும்பாலும் தள்ளிப் போகும். நாயகனின் கால்ஷீட், தயாரிப்பாளரின் பணம், மழை என்று பல காரணங்கள் உண்டு. உங்களுடைய 40 நாள் முடியும்வரை அண்ணன் வரும் காட்சிகளைத் தள்ளி வைக்க முடியுமா என்று கேளுங்கள். முடியாது என்றால், அவருக்கு வேறு நடிகரைத் தேட நேரம் இருக்கும்போதே விலகிக்கொள்ளுங்கள். ஒப்புக்கொண்டு கடைசி வாரத்தில் கைவிரிப்பதுதான் ஒரு புது இயக்குநருக்குச் செய்யக்கூடிய மிகப் பெரிய கெடுதல். கண்ணியமாக விலகிய ஒருவரை அவர் தம் இரண்டாம் படத்தில் நினைவில் வைத்திருப்பார்.

வயது போய்விடுமே என்ற பயம் உங்கள் வரிகளுக்கு நடுவே தெரிகிறது. நீங்கள் நாயகனாக வேண்டும் என்று விரும்பியிருந்தால் என் பதில் வேறு விதமாக இருந்திருக்கும். நாயக வேடங்களுக்கு வயது ஒரு கணக்குத்தான். உங்களை அழைத்திருப்பது அண்ணன் வேடத்துக்கு. அண்ணன், மாமா, ஆய்வாளர், தலைமையாசிரியர், ஊர்ப் பெரியவர் என்று நம் படங்களில் முகத்துக்குக் கனம் கேட்கும் வேடங்கள், முப்பத்தைந்து வயதுக்கு மேல்தான் ஒருவரைத் தேடி வருகின்றன. அந்த வயதில் உங்கள் முகத்தில் நீங்கள் வாழ்ந்த வாழ்க்கை இருக்கும். அதுவரை பயிற்சியை விடாதீர்கள். ந. முத்துசாமி 1977-இல் தொடங்கிய கூத்துப்பட்டறையில் பயின்ற பசுபதியும் விமலும் விதார்த்தும் திரைக்கு வந்தவர்கள். அதுபோன்ற நாடகக் குழு ஒன்றில் வேலையில்லாத மாதங்களில் போய் நில்லுங்கள். நாடக மேடையில் லென்ஸ் கிடையாது, குளோசப் கிடையாது. கேமரா பழகிய உங்களைப் போன்றவர்களுக்கு அது நல்ல மருந்து. இனிமேல் திரைப்படக் கல்லூரியில் சேர வேண்டுமா என்று யோசிக்க வேண்டாம். தரமணியும் புணேவும் சிறந்த இடங்கள்தான். ஆனால் மூன்று ஆண்டுத் தளப் பயிற்சிக்குப் பிறகு, ஃபோகஸ் புல்லர் இடம் கைக்கு வரும் நேரத்தில் அதை விட்டுவிட்டு வகுப்பறைக்குத் திரும்புவதை நான் பரிந்துரைக்க மாட்டேன். சங்கத்தின் உறுப்பினர் அட்டையைச் சந்தா பாக்கியில்லாமல் வைத்திருங்கள். அதில் அலட்சியம் வேண்டாம்.

நீங்கள் கேட்காத ஒன்றையும் சொல்லி முடிக்கிறேன். என்றாவது ஒரு நாள் நீங்களே ஒளிப்பதிவு செய்யும் படத்தில் நடிக்க அழைப்பு வரும். ஒரு காட்சி, இரண்டு காட்சி என்றால் சரி. பெரிய வேடம் என்றால், குறைந்தது முதல் பத்து ஆண்டுகளுக்கு மறுத்துவிடுங்கள். பாலு மகேந்திரா அதைச் செய்தபோது அவருக்குப் பின்னால் ஏறக்குறைய நாற்பது ஆண்டு அனுபவம் இருந்தது, இயக்குநரும் அவரே. நாம் பிரேமுக்குள் நிற்கும்போது பிரேமைப் பார்க்க ஆள் வேண்டும். நம் கண்ணைப் போலவே பார்க்கக்கூடிய ஓர் அசோசியேட்டை வளர்த்தெடுக்காமல் அதில் இறங்கினால் இரண்டு வேலையும் பாதியாகத்தான் நடக்கும்.

அப்பா கேட்டால், ஃபோகஸ் புல்லர் என்ற சொல் அவருக்குப் புரியாது என்று தள்ளிவிடாமல், என்ன வேலை என்று விளக்கிச் சொல்லுங்கள். அறுந்த இழையைத் தறி ஓடும் சத்தத்திலேயே கண்டுபிடிக்கிற கண்ணும் காதும் உள்ளவர் அவர். இரண்டு அங்குலக் கணக்கு அவருக்கு உங்கள் நண்பர்களைவிட நன்றாகவே புரியும். சாரிடம் இந்த வாரத்துக்குள் பேசிவிடுங்கள். போனில் வேண்டாம், தேனிக்கு லொகேஷன் பார்க்கக் கிளம்புவதற்கு முன், லென்ஸ் டெஸ்ட் நடக்கும் நாளில், வேலை முடிந்து பெட்டிகளை மூடிய பிறகு நேரில் பேசுங்கள்.

அன்புடன்,
உங்கள் ஒளிப்பதிவாளர்